மாமியின் பாதங்கள் ஏன் எரியவில்லை?

நம் தென்னாப்பிரிக்காவின் பீட்டர்மாரிட்ஸ்பர்க் பக்கத்திலிருந்து ஒரு சகோதரி எழுதியிருக்கிறார். வயது 41. ஆறு பக்கக் கடிதம். அவர் யாரென்று தெரியாமல் இருக்கச் சில விவரங்களை மாற்றி, சுருக்கமாகத் தருகிறேன்.

அவருடைய மாமியாருக்கு வயது 73. சர்க்கரை, பிரஷர் இரண்டும் உண்டு. தூக்கத்துக்கு மாத்திரை எடுப்பவர். வீட்டுக்குப் பின்னால் சேர்த்துக் கட்டிய தனி அறையில் இருந்தார். ஜூலை மாதம், நல்ல குளிர் இரவு. மகன் நைட் ஷிஃப்டுக்குப் போய்விட்டார். ஒன்பது மணிக்கு மருமகள் கஞ்சி கொடுத்துவிட்டு வந்து படுத்தார். காலை ஆறரைக்கு டீ எடுத்துக்கொண்டு போய்க் கதவைத் திறந்தால், சுவரெல்லாம் கரி. ஜன்னல் கண்ணாடியில் மஞ்சளாக எண்ணெய்ப் பிசுக்கு. மாமி உட்கார்ந்திருந்த நாற்காலியில் கம்பிச் சுருள் மட்டும் மிச்சம். மாமியின் உடம்பு மார்பிலிருந்து முழங்கால் வரை சாம்பலாகியிருந்தது. இரண்டு பாதங்களும் கம்பளிச் செருப்போடு அப்படியே இருந்தன. இரண்டடி தள்ளிக் கிடந்த பழைய பேப்பர் கட்டு எரியவில்லை. மனைப்பலகை மேல் இருந்த அம்மன் படத்துக்கும் ஒன்றும் ஆகவில்லை. சுவரில் உயரத்தில் மாட்டியிருந்த கடிகாரம் மட்டும் உருகித் தொங்கியது.

வந்த போலீஸ்காரர், "இப்படி ஒன்றை நான் பார்த்ததே இல்லை" என்றாராம். உறவுக்காரப் பையன் ஒருவன் வீடியோக்களைக் காட்டி, "மனித உடம்பு தானாகவே தீப்பற்றும், இது அதுதான்" என்று சொல்லிவிட்டான். நாத்தனார் சொல்வது வேறு. மாமி 22 வருடம் பெரிய வெள்ளிக்கிழமையில் தீ மிதித்தவர். இந்த வருடம் உள்ளங்காலில் புண் இருந்ததால் மருமகள் போகவேண்டாம் என்று தடுத்திருக்கிறார். "நீ தடுத்தாய், தீ வீடு தேடி வந்தது. அம்மன் பாதத்தை மட்டும் விட்டுவைத்தாள் பார்" என்று கருமாதி வீட்டில் எல்லார் முன்னாலும் சொல்லியிருக்கிறார். சித்தப்பா ஒருவர், "தானாக எரிந்ததென்று ஒரு டாக்டரிடம் எழுதி வாங்கி கேஸை முடித்துவிடு, இன்க்வெஸ்ட் என்ற மரண விசாரணை வந்தால் குடும்ப மானம் போகும்" என்கிறார். ஈமச் செலவுக்கென்று எடுத்திருந்த ஃப்யூனரல் பாலிசிப் பணமும் இன்னும் வரவில்லை.

சகோதரியின் கேள்விகள்: உடம்பு தானாக எரியுமா? அவருடைய 16 வயது மகனுக்கும் சர்க்கரை இருக்கிறது, அவனுக்கும் இப்படி வருமா? நான் அந்தக் கடிதத்தைத் தருவேனா? கடைசியாக ஒரே வரியில்: "நான் தடுத்தது தப்பா, டாக்டர் அக்கா?"

தங்கச்சி,

அந்தக் கதவைத் திறந்தது நீங்கள். ஐந்து வாரமாகக் கண்ணை மூடினால் அந்த அறைதான் தெரிகிறது என்று எழுதியிருக்கிறீர்கள். டர்பனில் அரசாங்கப் பிணவறையில் 31 வருடம் வேலை பார்த்தவள் நான். அப்படிப்பட்ட அறைகளுக்குள் போகும்போது எனக்குக் கையுறை இருந்தது, கூட ஆள் இருந்தார்கள், என்ன பார்க்கப் போகிறேன் என்றும் தெரியும். உங்கள் கையில் டீ கப்தான் இருந்தது. இரவில் திடுக்கிட்டு எழுவதும் கருகல் வாடை வருவது போலத் தோன்றுவதும் பலவீனம் இல்லை. உங்கள் கிளினிக்கில் கேட்டு ஒரு மனநல ஆலோசகரைப் பாருங்கள். தள்ளிப்போடாதீர்கள்.

நீங்கள் கேட்ட கடிதத்தை நான் தர மாட்டேன். நான் சொல்லும் காரணத்தைக் கேட்டால், அது உங்களுக்கு நல்லதில்லை என்று நீங்களே சொல்வீர்கள்.

"தானாக" என்ற சொல் ஒரு காரணம் ஆகாது. காரணத்தைத் தேடுவதை அந்த இடத்தோடு நிறுத்திவிடும் சொல் அது. தேடுவது நின்றுபோனால், மாமி எப்படி இறந்தார் என்பது யாருக்கும் தெரியாமலே போகும். அந்த வெற்றிடத்தில் நாத்தனாரின் பேச்சு நிரந்தரமாக உட்கார்ந்துகொள்ளும்.

இந்தக் கதை புதிதில்லை. 1731ல் இத்தாலியில் செசேனா என்ற ஊரில் கொர்னேலியா பாண்டி என்ற 62 வயதுச் சீமாட்டி இப்படித்தான் கிடந்தார். படுக்கைக்குச் சில அடி தள்ளிச் சாம்பல் குவியல், காலுறை போட்ட இரண்டு கால்கள் முழுசாக. ஐரோப்பா முழுக்க அந்தக் கதை பரவியது. உடம்புக்குள் இருந்து தீ வந்தது என்றார்கள். ஆனால் அன்றைக்கே எழுதிவைத்த விவரத்தைப் படித்தால் இரண்டு விஷயம் கண்ணில் படும். அந்த அம்மாள் உடம்பு வலிக்குக் கற்பூரம் கரைத்த சாராயத்தைப் பூசிக்கொள்பவர். அப்புறம், தரையில் ஒரு எண்ணெய் விளக்கு கிடந்தது. அதில் எண்ணெய் இல்லை, மேலே சாம்பல் படிந்திருந்தது.

1951ல் அமெரிக்காவில், ஃபுளோரிடாவின் செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில், மேரி ரீசர் என்ற 67 வயதுப் பெண்மணி. நாற்காலி போய்விட்டது, உடம்பு போய்விட்டது, செருப்போடு ஒரு பாதம் மிஞ்சியது. எஃப்பிஐ வரைக்கும் போய் ஆராய்ந்தார்கள். அவர் அன்று இரவு தூக்க மாத்திரை போட்டிருந்தார், எளிதில் தீப்பிடிக்கும் ரேயான் உடை உடுத்தியிருந்தார், சிகரெட் பிடித்துக்கொண்டிருந்தார். 1966ல் பென்சில்வேனியாவில் ஜான் பென்ட்லி என்ற 92 வயது டாக்டர். ஒரு கால் மட்டும் மிச்சம். அவர் பைப் பிடிப்பவர். 2010 டிசம்பரில் அயர்லாந்தின் கால்வேயில் ஒரு 76 வயது முதியவர். அடுத்த வருடம் அங்கே மரண விசாரணை அதிகாரியே "தானாகத் தீப்பற்றியது" என்று தீர்ப்பு எழுதினார். உங்கள் உறவுக்காரப் பையன் காட்டிய வீடியோவில் இதுதான் பெரிய சாட்சியாக வந்திருக்கும். ஆனால் அந்த முதியவர் எரிந்துகொண்டிருந்த கணப்படுப்புக்குப் பக்கத்தில் தலைவைத்துக் கிடந்தார். காரணம் கிடைக்கவில்லை என்பதற்கு ஒரு பெயர் வைத்தார்கள். அதை நிரூபணம் என்று எடுத்துக்கொள்ள முடியாது.

ஜோ நிக்கல், ஜான் ஃபிஷர் என்ற இருவர் இப்படிப்பட்ட 30 சம்பவங்களைத் தேடி எடுத்து 1984ல் வெளியிட்டார்கள். பெரும்பாலான இடங்களில் பக்கத்திலேயே மெழுகுவர்த்தியோ விளக்கோ கணப்படுப்போ இருந்தது. கதை வாய்மாறிப் போகப் போக அந்தச் சின்ன நெருப்பைத்தான் முதலில் மறந்துவிடுகிறார்கள்.

உங்கள் கடிதத்திலும் அது இருக்கிறது. நாலாம் பக்கத்தில், ஓரத்தில், வேறு பேனாவில் எழுதியிருக்கிறீர்கள்: "மாமி ராத்திரி ஒரே ஒரு சிகரெட் பிடிப்பார். கோயில்காரர்களுக்குத் தெரியக்கூடாது என்று என்னிடம் சத்தியம் வாங்கியிருந்தார். போலீஸிடமும் நான் சொல்லவில்லை." அந்த வரியைப் பற்றிப் பிறகு சொல்கிறேன். முதலில் உடம்பு எப்படி எரிந்தது என்று சொல்கிறேன்.

திரியும் எண்ணெயும்

சித்தப்பா கேட்கும் கேள்வி சரியான கேள்விதான். டர்பன் கிளேர் எஸ்டேட் சுடுகாட்டில் 800, 900 டிகிரிச் சூட்டில் ஒரு மணி, இரண்டு மணி நேரம் எரிக்கவேண்டிய உடம்பு, பேப்பர் கட்டுகூட எரியாத அறையில் எப்படிச் சாம்பலாகும்?

என் ஆயா டோங்காட்டில் கரும்புத் தோட்ட வீட்டில் இருந்தவர். சாயங்காலம் பஞ்சை எடுத்துத் தொடையில் உருட்டித் திரி திரிப்பார். எண்ணெய் இல்லாமல் ஒரு திரியைக் கொளுத்திப் பார் என்பார். பக்கென்று பிடித்து நொடியில் கருகிப்போகும். எண்ணெயில் நனைத்தால் அதே திரி விடிய விடிய நிற்கும். "எரியறது திரி இல்லடி, எண்ணெய்" என்று சொல்லுவார். பிற்காலத்தில் நான் படித்த தீ விஞ்ஞானத்தில் பாதி இந்த ஒரு வரிக்குள் இருந்தது.

மனித உடம்பில் ஏறக்குறைய 60 சதவீதம் தண்ணீர். அது தானாகப் பற்றவே பற்றாது. ஆனால் தோலுக்கடியில் கொழுப்பு இருக்கிறது. உடுத்தியிருக்கும் துணியில் ஒரு சின்ன நெருப்பு விழுந்து, தோல் வெடித்து, கொழுப்பு உருகி, கருகிய துணியிலும் நாற்காலிப் பஞ்சிலும் ஊறினால், அதுவே ஒரு விளக்கு. மெழுகுவர்த்தியில் திரி உள்ளே, மெழுகு வெளியே. இங்கே திரி வெளியே, எண்ணெய் உள்ளே. எரிய எரிய அதன் சூட்டிலேயே அடுத்த கொழுப்பு உருகுகிறது, பக்கத்துச் சதையின் தண்ணீர் வற்றுகிறது. தீ பெரிதாக எழும்பாது, குப்பைக்கூடை அளவு தழல்தான். ஆனால் மணிக்கணக்கில் நிற்கும்.

இது ஊகம் இல்லை, செய்து பார்த்திருக்கிறார்கள். 1965ல் இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் டி. ஜே. கீ என்ற மருத்துவர் மனிதக் கொழுப்பைத் தோலிலும் துணியிலும் சுற்றிக் கொளுத்தினார். காற்றோட்டம் இருந்தபோது அது சின்னத் தழலோடு மெல்ல மெல்ல ஒரு மணி நேரம் எரிந்தது. 1998ல் ஜான் டிஹான் என்ற அமெரிக்கத் தீ ஆய்வாளர் பிபிசிக்காக ஒரு பன்றியின் உடலைப் போர்வையில் சுற்றி, கொஞ்சம் பெட்ரோல் விட்டு, சாமான்கள் வைத்த அறையில் கொளுத்தினார். பெட்ரோல் சில நிமிஷத்தில் தீர்ந்துவிட்டது. உடல் ஐந்து மணி நேரம் எரிந்தது, எலும்பு தொட்டால் உதிர்ந்தது. அறை பற்றிக்கொள்ளவில்லை. ஆஞ்சி கிறிஸ்டென்சன் என்ற ஆய்வாளர் 2002ல் காட்டியது இன்னொன்று: வயதானவர்களின் எலும்புத் தேய்மானம் கண்ட எலும்பு, நல்ல எலும்பைவிடச் சீக்கிரம் நொறுங்குகிறது. 73 வயது மாமியின் இடுப்பும் முதுகெலும்பும் ஏன் போயின என்பதற்கு இது பெரிய விளக்கம். சுடுகாட்டில் ஓரிரு மணியில் முடிகிற வேலையை, குறைந்த சூடு இரவு முழுக்க நின்று முடித்திருக்கிறது.

நீங்கள் பயந்துபோய் எழுதிய ஒவ்வொன்றும் இதோடு ஒத்துப்போகிறது. ஜன்னலில் இருந்த மஞ்சள் பிசுக்கு, ஆவியான கொழுப்பு குளிர்ந்த கண்ணாடியில் படிந்தது. சூடு மேலே போய்க் கூரையடியில் தேங்கும், அதனால் உயரத்தில் இருந்த கடிகாரம் உருகியது. கீழே, பக்கத்தில் இருந்த பேப்பர் கட்டுக்கும் பலகை மேல் இருந்த அம்மன் படத்துக்கும் அந்தச் சூடு இறங்கவே இல்லை. கதவு, ஜன்னல் மூடிய சின்ன அறை. பெரிய தீயாக வளரக் காற்றும் போதவில்லை.

பாதங்களும் அப்படித்தான். தீ மேல்நோக்கிப் போகும், பக்கவாட்டில் போகத் தயங்கும். பாதம் தரையில் இருந்தது, தழலுக்குக் கீழே. அங்கே கொழுப்பு ரொம்பக் குறைவு, சேலையோ போர்வையோ அதுவரை எட்டவில்லை. எண்ணெயும் திரியும் இல்லாத இடத்தில் விளக்கு நின்றுவிட்டது. பாண்டி சீமாட்டிக்கும் கால்தான் மிஞ்சியது, ரீசர் அம்மாவுக்கும் கால்தான். அவர்கள் யாரும் தீ மிதித்தவர்கள் இல்லை.

"சத்தமே கேட்கவில்லையே"

இதைத்தான் நீங்கள் மூன்று இடத்தில் எழுதியிருக்கிறீர்கள். பக்கத்திலேயே படுத்திருந்தும் ஒரு கூப்பாடு கேட்கவில்லையே, நான் என்ன மருமகள் என்று.

மாமி கூப்பிட்டிருக்க வாய்ப்பு மிகக் குறைவு. நெருப்பு விழுந்தபோது உணர்வோடு இருந்தவர் எழுந்திருப்பார், தட்டி அணைப்பார், கதவுப் பக்கம் போவார். மாமி நாற்காலியை விட்டு அசையவே இல்லை. தூக்க மாத்திரையில் ஆழ்ந்திருக்கலாம். புகையும் துணியிலிருந்து வரும் கார்பன் மோனாக்சைடு வாடையே இல்லாத வாயு, தூக்கத்திலேயே ஆளை மயக்கிவிடும். இன்னொரு சாத்தியமும் உண்டு: சர்க்கரை உள்ளவர்களுக்கு வலியே இல்லாமல் மாரடைப்பு வரும். சிகரெட் கையில் இருக்கும்போதே உயிர் போய், அப்புறம் அது மடியில் விழுந்திருக்கலாம்.

இதில் எது என்று போஸ்ட்மார்ட்டம் சொல்லக்கூடும். உயிரோடு புகையைச் சுவாசித்திருந்தால் மூச்சுக்குழாயில் கரி இருக்கும். மூச்சுக்குழாய் எரிந்துபோயிருந்தாலும் மிஞ்சிய காலின் இரத்தத்திலும் தசையிலும் கார்பன் மோனாக்சைடைத் தேடலாம். சிகரெட் பிடிப்பவர் இரத்தத்தில் சாதாரணமாகவே 10 சதவீதம் வரை இருக்கும். 50 சதவீதத்தைத் தாண்டியிருந்தால் புகைதான் கொன்றது என்று ஏறக்குறைய சொல்லிவிடலாம். கொஞ்சம்கூட இல்லையென்றால் தீக்கு முன்னாலேயே உயிர் போய்விட்டது என்ற பக்கம்தான் சாயவேண்டும். பாருங்கள், ஊரே அதிசயமாகப் பார்க்கும் அந்தப் பாதங்கள்தான் மாமி வலியில்லாமல் போனாரா என்று சொல்லப்போகும் சாட்சி. கால் தசையில் மாதிரி எடுத்தார்களா என்று போலீஸ் விசாரணை அதிகாரி மூலமாகக் கேளுங்கள்.

மகனின் சர்க்கரை

சர்க்கரை நோயாளி உடம்பில் அசிட்டோன் ஊறும், அது பற்றிக்கொள்ளும் என்று அந்த உறவுக்காரப் பையன் சொன்னானாம். 2012ல் பிரையன் ஃபோர்ட் என்ற பிரிட்டிஷ் உயிரியலாளர் இப்படி ஒரு கருத்தை முன்வைத்தார். பன்றிச் சதையை அசிட்டோனில் ஊறவைத்துக் கொளுத்திக் காட்டினார். ஊறவைத்தால் எரியும்தான். ஆனால் சர்க்கரை கட்டுக்கடங்காமல் போய் ஆஸ்பத்திரியில் சேர்க்கும் நிலையில்கூட, ஒரு லிட்டர் இரத்தத்தில் அசிட்டோன் ஒரு கிராம்கூட வராது. சுற்றிலும் தண்ணீர். அது பற்ற வழியே இல்லை. உங்கள் மகன் வாயில் பழ வாடை அடித்தால், வாந்தி வந்தால், மூச்சு வேகமானால் உடனே ஆஸ்பத்திரிக்கு ஓடுங்கள். பயப்படவேண்டியது கீட்டோஅசிடோசிஸ் என்ற அந்த உயிராபத்துக்கு, தீக்கு இல்லை.

தமிழ்நாட்டுக் குழந்தை வீடியோவையும் சொல்லியிருக்கிறீர்கள். 2013ல் விழுப்புரம் மாவட்டத்துக் கைக்குழந்தை ஒன்றை, தானாகத் தீப்பிடிக்கிறது என்று சொல்லிச் சென்னை கீழ்ப்பாக்கம் மருத்துவமனையில் சேர்த்தார்கள். டாக்டர்கள் சோதித்துப் பார்த்தார்கள். அந்தக் குழந்தையின் உடம்பில் தீப்பற்றக்கூடிய எதுவுமே இல்லை. வெளியிலிருந்து யாரோ தீங்கு செய்திருக்கலாம் என்ற சந்தேகம்தான் மிஞ்சியது. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு பதறும். பேசத் தெரியாத குழந்தையின் காயத்துக்கு "தானாக" என்று பெயர் வைத்தால், அதைக் காப்பாற்ற யார் வருவார்கள்?

இன்க்வெஸ்ட் என்றால் குற்றச்சாட்டு இல்லை

சித்தப்பா நினைப்பது போல இது குடும்பம் வேண்டும், வேண்டாம் என்று எழுதிக் கொடுக்கிற காரியம் இல்லை. நம் நாட்டில் 1959ஆம் வருடத்து இன்க்வெஸ்ட் சட்டப்படி, இயற்கையல்லாத எந்தச் சாவையும் போலீஸ் விசாரித்தே ஆகவேண்டும். போஸ்ட்மார்ட்டமும் அதில் ஒரு பகுதி. டாக்கெட் என்ற போலீஸ் கோப்பு அரசு வழக்கறிஞரிடம் போகும். யார் மேலும் வழக்குப் போட ஒன்றும் இல்லையென்றால் மாஜிஸ்திரேட்டிடம் போகும். இறந்தவர் யார், எப்போது, எதனால் இறந்தார், யாருடைய செயலோ அலட்சியமோ குற்றமாகத் தெரிகிறதா என்று அவர் முடிவு எழுதுவார். பல நேரம் யாரையும் கூண்டில் ஏற்றாமல், காகிதங்களைப் படித்தே முடித்துவிடுவார்கள். இரத்தப் பரிசோதனை முடிவு வர மாதக்கணக்கில், சில நேரம் வருடத்துக்கு மேலும் ஆகும். அதற்கு மனதைத் தயார்ப்படுத்திக்கொள்ளுங்கள்.

இது உங்களைக் காக்கிற காகிதம், தங்கச்சி. 1847ல் ஜெர்மனியின் டார்ம்ஸ்டாட்டில் கெர்லிட்ஸ் சீமாட்டி எரிந்து கிடந்தபோது, தானாகப் பற்றியது என்று முதலில் டாக்டரே சொன்னார். பிறகு உடலைத் தோண்டி எடுத்து ஆராய்ந்தார்கள். லீபிக் என்ற பெரிய வேதியியல் அறிஞர், தண்ணீர் நிறைந்த உடம்பு அப்படிப் பற்றாது என்று நீதிமன்றத்தில் சாட்சி சொன்னார். 1850ல் அந்த வீட்டு வேலைக்காரன் குற்றவாளி என்று தீர்ப்பானது. கொன்றுவிட்டுத் தீ வைத்ததை அவனே அப்புறம் ஒப்புக்கொண்டான். "தானாக" என்று விட்டிருந்தால் கொலைகாரன் தப்பியிருப்பான். அதே சொல் எதிர்ப்பக்கமும் வெட்டும். காரணம் தெரியாத சாவு என்று மூடினால், சந்தேகம் வீட்டில் இருந்தவள் தலையில்தான் விழும். உங்கள் வீட்டில் இப்போதே விழுந்துவிட்டது.

அதனால் அந்தச் சிகரெட்டைச் சொல்லிவிடுங்கள். விசாரணை அதிகாரியிடம் போய், கூடுதல் வாக்குமூலம் தருகிறேன் என்று கேளுங்கள். முதல் முறை அதிர்ச்சியில் இருந்தேன், மாமியின் பெயரைக் காப்பாற்ற நினைத்தேன் என்று உள்ளதை உள்ளபடி சொல்லலாம். எங்கே உட்கார்ந்து பிடிப்பார், எந்த டப்பாவில் சாம்பல் தட்டுவார், அறையில் வைத்திருந்த ஹீட்டர் எவ்வளவு தூரத்தில் இருந்தது, மாத்திரையின் பெயர் என்ன, எல்லாம். சிகரெட்தான் காரணம் என்று நானும் முடிவு கட்டவில்லை. ஹீட்டரும் இருந்தது, காமாட்சி விளக்கும் இருந்தது. எது என்று பார்ப்பது அவர்கள் வேலை, எல்லாவற்றையும் சொல்வது உங்கள் வேலை. வாக்குமூலத்தைப் படித்துப் பார்க்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். பேச்சு உங்களைச் சந்தேகிக்கும் திசையில் போனால், வக்கீலோடு வருகிறேன் என்று சொல்ல உங்களுக்கு உரிமை உண்டு. பணம் இல்லையென்றால் லீகல் எய்ட் அலுவலகத்தில் கேளுங்கள்.

மாமிக்குக் கொடுத்த சத்தியம் உங்களை அறுக்கிறது என்று தெரிகிறது. கோயிலில் யாரும் தெரிந்துகொள்ளவேண்டியதில்லை. அந்த அதிகாரியும் மாஜிஸ்திரேட்டும் தெரிந்துகொண்டால் போதும்.

பாலிசிப் பணம்

இது சுலபம். பெரும்பாலான ஃப்யூனரல் பாலிசிகளில் சிகரெட் பற்றியோ நோய் பற்றியோ கேள்வியே கேட்பதில்லை. அதனால் சிகரெட்டைச் சொன்னால் பணம் போய்விடுமோ என்ற பயத்துக்குப் பெரிதாக ஆதாரம் இல்லை. உங்கள் பாலிசித் தாளை எடுத்து ஒரு முறை படித்துப் பாருங்கள். விபத்துச் சாவுக்குக் காத்திருப்புக் காலமும் வழக்கமாகக் கிடையாது. ஆனால் "தானாக எரிந்தது" என்று ஒரு டாக்டர் கடிதத்தை நீட்டினால், இது விபத்தா இயற்கைச் சாவா என்ற குழப்பத்தை நாமே உண்டாக்கிக் கொடுத்ததாக ஆகும். கேஸ் நம்பரையும், ஹோம் அஃபேர்ஸ் என்ற உள்துறை அலுவலகம் கொடுத்த இறப்புச் சான்றிதழையும் கொடுத்து, இன்னும் என்ன தாள் வேண்டும் என்று எழுத்தில் கேட்டு வாங்குங்கள். இழுத்தடித்தால் நேஷனல் ஃபைனான்ஷியல் ஆம்பட் என்ற குறைதீர்ப்பு அலுவலகத்துக்கு எழுதலாம். அதற்குக் கட்டணம் இல்லை.

தீமிதி

மாமியின் உள்ளங்காலில் புண் இருந்தது, சர்க்கரை இருந்தது, காலில் உணர்ச்சி குறைந்திருந்தது. பாத்ரூமில் வெந்நீர் பட்டுத் தோல் உரிந்ததே தெரியாமல் நடந்துவந்தார் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். நல்ல பாதத்தோடு விறுவிறுவென்று பூக்குழியில் இறங்கி ஏறுகிறவரை அந்தக் கணநேரத் தொடுகையில் தணல் சுடாமல் விடும். சாம்பல் பூத்த தணல் சூட்டை மெல்லத்தான் கடத்தும். உணர்ச்சியற்ற, புண்ணான பாதம் வேறு. எங்கே சுட்டது என்று தெரியாமல் நின்றுவிடுவார்கள். அப்படித் தொடங்கிய புண் அழுகிக் காலை எடுக்க நேர்ந்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். உங்கள் இடத்தில் நான் இருந்திருந்தாலும் தடுத்திருப்பேன். நீங்கள் செய்தது தப்பில்லை.

நாத்தனாரோடு இதை விவாதம் செய்ய வேண்டாம். அவரும் அம்மாவை இழந்தவர். அம்மன் தன்னைக் கைவிடவில்லை என்பதற்கு அந்தப் பாதங்களை அடையாளமாகப் பிடித்துக்கொண்டிருக்கிறார். நானும் சின்ன வயதிலிருந்து மாரியம்மன் கோயிலில் நின்று கும்பிட்டவள். 22 வருடம் தன் தணலில் நடக்கவிட்ட தாய், மருமகள் சொன்னதைக் கேட்டு வீட்டில் இருந்த ஒரு நோயாளிக் கிழவியை எரிப்பாள் என்று நான் ஒருநாளும் நம்பமாட்டேன். உங்கள் கணவர் தன் அக்காவிடம் இதைச் சொல்லலாம். நீங்கள் சொல்வதைவிட அவர் சொன்னால் கேட்பார். மாமி தூக்கத்திலேயே போயிருக்க வாய்ப்பு அதிகம் என்பதையும் சேர்த்துச் சொல்லச் சொல்லுங்கள். ஒருவேளை அவருக்கும் இரவில் கேட்டுக்கொண்டிருப்பது அந்தக் கேட்காத கூப்பாடுதான்.

இன்னும் இரண்டே விஷயம். அறையைப் பூட்டியே வைத்திருக்கிறீர்கள், இதுவரை கழுவவில்லை என்று எழுதியிருந்தீர்கள். நல்லதாயிற்று. ஹீட்டர், அதன் வயர், பிளக், சாம்பல் டப்பா, விளக்கு எதையும் நகர்த்தாமல் உங்கள் கணவரை விட்டுப் போட்டோ எடுக்கச் சொல்லுங்கள், நீங்கள் உள்ளே போகவேண்டாம். முடித்துக்கொள்ளலாம் என்று விசாரணை அதிகாரி எழுத்தில் சொன்ன பிறகு வெளியாள் வைத்துக் கழுவிக்கொள்ளலாம்.

போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட் வந்ததும் ஒரு நகல் எனக்கு அனுப்புங்கள். அதில் இருக்கும் வார்த்தைகள் கரடுமுரடாக இருக்கும், தனியாக உட்கார்ந்து படிக்காதீர்கள். போனில் கூப்பிடுங்கள், வரி வரியாக இரண்டு பேரும் சேர்ந்து படிக்கலாம்.